மாவுப் போர்வைக்கு அடியில்

என் அக்கா ஒரிஸ்யா மாவில் சிலை செய்கிறவள். கல்லும் வெண்கலமும் தெரியாதவள் இல்லை. லிவிவ் கலைக் கல்லூரியில் ஆறு வருடம் அவற்றைத்தான் படித்தாள். "கல்லு நான் வீட்டுக்குப் போன பிறகும் அப்படியே கிடக்கும். மாவு நான் தூங்கறப்பவும் வேலை செய்யும்" என்பாள். ஈஸ்ட் போட்டுப் பிசைந்த மாவை நாற்காலியில் உட்கார வைப்பாள். ஓவர்கோட்டின் கைகளுக்குள் அடைப்பாள். பழைய தையல் இயந்திரத்தின் மேல் போர்த்துவாள். ஜனங்கள் சுற்றி உட்கார்ந்து அது பொங்குவதைப் பார்ப்பார்கள். ஒரு மணி நேரம், சில நாள் இரண்டு மணி நேரம். கடைசியில் எங்காவது ஓரிடத்தில் மேல்தோல் தாங்காமல் வெடிக்கும். அந்த வெடிப்பு எங்கே, எப்போது, எவ்வளவு ஆழத்தில் வரவேண்டும் என்பதுதான் அவளுடைய வேலை.

வார்சாவில் கூப்பிடுகிறார்கள், வியன்னாவில் கூப்பிடுகிறார்கள். எங்கள் ஊரான சோர்ட்கிவில் மட்டும் அவளுக்கு மாவை வீணாக்குகிறவள் என்று பெயர். அவள் எதையும் வீணாக்கியதில்லை. ஒவ்வொரு ஒத்திகை முடிந்ததும் ஊர்க்கோடியில் பன்றி வளர்ப்பவர் இரண்டு வாளியோடு வந்து மிச்சமில்லாமல் அள்ளிக்கொண்டு போவார். ஆனால் கீழே விழுந்த ரொட்டித் துண்டை எடுத்து முத்தமிட்டு மேசையில் வைக்கிற வீடுகள் எங்களுடையவை. அக்கா தன் உடம்பின் மேலேயே மாவைப் போர்த்திக்கொண்டு படுத்திருக்கும் காணொளியை ஸ்டெஃபா பெரியம்மாவிடம் யாரோ காட்டியிருக்கிறார்கள். அவர் மூன்று முறை சிலுவை போட்டுக்கொண்டு, "இதுக்கு இவ துணியில்லாம படுத்திருந்தாக்கூட நான் மன்னிச்சிருப்பேன்" என்றாராம்.

ஸ்டெஃபா பெரியம்மா என் அம்மாவின் அக்கா. எங்கள் ஊரில் யார் வீட்டுக் கல்யாணமானாலும் கொரவாய் என்கிற கல்யாண ரொட்டிக்கு மாவு பிசைவதைத் தலைமை தாங்கி நடத்துவது அவர்தான். அதற்குச் சட்டதிட்டம் உண்டு. பிசைகிறவர்கள் ஒற்றைப்படையில் இருக்கவேண்டும், வழக்கமாக ஏழு பேர். எல்லோருக்கும் முதல் கல்யாணமாக இருக்கவேண்டும். கணவன் உயிரோடு இருக்கவேண்டும். விதவையும் விவாகரத்து ஆனவளும் மாவைத் தொடக்கூடாது. ரொட்டி வெடிக்காமல் வெந்தால் கல்யாணம் நிலைக்கும். வெடித்தால், அதைப் பற்றி யாரும் பேசுவதில்லை. பெரியம்மா தலைமையில் இருபத்தாறு கொரவாய்கள் வெந்திருக்கின்றன, ஒன்றும் வெடித்ததில்லை. பெரியம்மாவின் கணவர் ஸெங்கோ போர்ச்சுகலில் தரைக்கு ஓடு பதிக்கப் போய்ப் பதினான்கு வருடம் ஆகிறது. ஊருக்கு வந்து ஒன்பது வருடம். போர்ச்சுகலில் இருக்கிற கணவனும் கணவன்தான். சட்டத்தில் தூரத்தைப் பற்றி ஒன்றும் இல்லை.

அந்த ஆண்டு செப்டம்பரில் எனக்குக் கல்யாணம். பையன் மார்க்கியன், நான் வேலை பார்க்கும் மருந்துக்கடைக்கு எதிரே தபால் அலுவலகத்தில் இருந்தான். பிசைகிறவர்களின் பட்டியல் போட எங்கள் சமையலறையில் உட்கார்ந்தோம். அம்மா தேநீர் ஊற்றினார். அக்கா ஜன்னலோரம் உருளைக்கிழங்கு தோல் சீவிக்கொண்டிருந்தாள். பெரியம்மா விரல் மடக்கி ஆறு பெயர் சொல்லிவிட்டு ஏழாவதாகத் தன் நெஞ்சைத் தொட்டுக்காட்டினார்.

"அக்காவ விட்டுட்டீங்களே" என்றேன்.

"விடல. சேர்க்கல."

"ஊர்லயே மாவைப் பத்தி அவளவிட அதிகமா யாருக்குப் பெரியம்மா தெரியும்?"

"மாவைப் பத்தித் தெரியுது. புருஷனப் பத்தித் தெரியலையே."

"புருஷனப் பத்தியும் தெரிஞ்சுது பெரியம்மா. அதனாலதான் விட்டேன்" என்றாள் அக்கா, கிழங்கிலிருந்து கண்ணை எடுக்காமல்.

அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பெரியம்மாவுக்கு வரவில்லை.

"விட்டவன் விட்ட மாதிரியா இருக்கான்? வாரா வாரம் வந்து இரும்ப ஒட்டிக் கட்டில் செஞ்சு குடுத்துட்டுப் போறான். தீர்த்துவிட்ட பொண்டாட்டிக்குக் கட்டில் செய்யற ஆம்பளைய நான் இப்பதான் பாக்கறேன்."

"சிலைக்குக் கட்டில். ஒஸ்தாப் நல்லவன் பெரியம்மா. கூட வாழத்தான் முடியாது. கட்டில் நல்லா செய்வான்."

"அக்கா கை படாத கொரவாய் எனக்கு வேண்டாம்" என்றேன் நான்.

சும்மா பிடிவாதத்துக்குச் சொல்லவில்லை. என் ஏழு வயதிலிருந்து பதினான்கு வயது வரை அம்மா நேப்பிள்ஸில் வயதானவர்களைப் பார்த்துக்கொள்ளும் வேலையில் இருந்தார். அந்த ஏழு வருடமும் என் தலையைப் பின்னிவிட்டது அக்கா. காய்ச்சலில் நெற்றியில் இருந்தது அவள் கை. என் பள்ளிக்கூடப் பையில் ரொட்டியை வைத்து அனுப்பியதும் அந்தக் கைதான். அது தொடாத ரொட்டியின் முன்னால் நின்று நான் கல்யாணம் செய்துகொள்வதா?

பெரியம்மா எழுந்து தலைத்துணியைக் கட்டிக்கொண்டார். "கொரவாய் வேண்டாம்னா சொல்லு, பேக்கரியில கேக் வாங்கிக்க. உன் கல்யாணம் உடையறதுக்கு நான் துணை போக மாட்டேன்."

அம்மா என்னைப் பார்த்தார். பேசாதே என்று அர்த்தம்.

அக்கா சீவிய கிழங்குகளைத் தண்ணீரில் போட்டாள். "விடுடி யாரின்கா. எனக்கு ஃபிரான்கிவ்ஸ்க் கண்காட்சி வேலையே தலைக்கு மேல கெடக்கு" என்றாள். அவள் போன பிறகு ஜன்னல் விளிம்பைத் துடைக்கும்போதுதான் பார்த்தேன். மேசையில் கிடந்த ரொட்டியின் உள்பகுதியைப் பிசைந்து, விரல் நகம் அளவில் புறாக்கள் செய்து வைத்திருந்தாள். கொரவாயின் உச்சியில் வைக்கிற புறாக்கள். ஒன்பது இருந்தன.

கல்யாணம் சனிக்கிழமை. வியாழக்கிழமை பெரியம்மா வீட்டு விறகு அடுப்பில் கொரவாய். மணப்பெண் அன்று அந்தத் தெருப்பக்கமே போகக்கூடாது என்பதால் மதியம் சாப்பிட்டுவிட்டு அக்காவின் பட்டறைக்குப் போனேன். பழைய பால் சேகரிப்பு நிலையம் அது. சுவரெல்லாம் வெள்ளை ஓடு, தரையில் தண்ணீர் ஓடக் கால்வாய், மாவுக்கு வேண்டிய வெப்பத்தில் ஒரு அறை. நடுவில் ஒஸ்தாப் செய்த கட்டில்.

"நல்ல நேரத்துல வந்த. செருப்ப கழட்டு, படு" என்றாள்.

"நாளன்னிக்கு எனக்குக் கல்யாணம் அக்கா."

"நாளன்னிக்குத்தானே? இது ஒரு மணி நேரம். எப்பவும் நானே படுக்கறேன். வெளியிலேருந்து நான் இத ஒரு தடவகூடப் பார்த்ததில்ல. காணொளியில மூச்சு தெரிய மாட்டேங்குது."

பருத்தி உள்ளாடையோடு படுத்தேன். தலைமுடியை ஒரு துணியில் சுற்றிவிட்டாள். பதினைந்து கிலோ மாவு. நீளமான குழாயில் பாய் போலச் சுருட்டி வைத்திருந்தாள். கால்விரலில் தொடங்கிக் கழுத்து வரை உருட்டிக்கொண்டே வந்தாள். முதலில் சில்லென்று கனமாக இருந்தது, ஈரக் கம்பளி மாதிரி. கழுத்தோரத்தை விரலால் அமுக்கி மூடினாள். முகத்தின் மேல் நனைத்த மெல்லிய துணியைப் போட்டாள், மாவின் ஓரம் காயாமல் இருக்க.

"பேசாத. பேசினா வயிறு ஆடும். வயிறு ஆடினா தப்பான இடத்துல வெடிக்கும்."

பத்து நிமிடத்தில் குளிர் போய்விட்டது. அப்புறம் யார் யாருக்குச் சூடு தருகிறார்கள் என்று தெரியவில்லை. என் உடம்புச் சூட்டில் மாவு எழுந்தது. எழுந்த மாவு என்னை அணைத்துக்கொண்டது. ரொட்டிக்கடைக் காலை வாசனை. அக்கா சுற்றிச் சுற்றி நடப்பதும், நின்று பென்சிலால் எழுதுவதும் கேட்டது. அரைமணி நேரம் போயிருக்கும். பாதித் தூக்கத்தில் இருந்தேன்.

அப்போது வெளியே சைக்கிள் விழுகிற சத்தம். கதவு திறந்தது.

"ஒரிஸ்யா! தனியாத்தான இருக்க?"

பெரியம்மாவின் குரல். மூச்சு வாங்கியது.

அக்காவின் பென்சில் நின்றது. "இங்க வேலை நடக்குது பெரியம்மா. வெளியில போய்ப் பேசலாம் வாங்க."

"வெளியில பேசற விஷயமா இது? உன் சிலைக்குக் காதா இருக்கு?" கட்டிலின் காலில் பெரியம்மாவின் செருப்பு இடித்தது. "வெடிச்சிருச்சு."

"எது?"

"கொரவாய்! விளிம்புலேருந்து உச்சி வரைக்கும், என் கை உள்ள போற அளவு. இருபத்தாறுல ஒண்ணுகூட வெடிச்சதில்ல. என் சொந்தத் தங்கச்சி பொண்ணுக்கு வெடிக்குது!"

மாவுக்கு அடியில் என் கைவிரல்கள் தாமாகவே மடங்கின. அக்கா சொன்னது நினைவு வந்தது. வயிற்றை ஆட்டாமல் மூச்சை மேல்நெஞ்சில் பிடித்தேன்.

"யார் பாத்தாங்க?" என்றாள் அக்கா.

"ஒருத்தரும் பாக்கல. எல்லாரும் முன்னறையில சாப்பிட்டுட்டு இருந்தாங்க. நான்தான் அடுப்பத் திறந்தேன். வெளிய எடுத்துப் பூவேலைத் துணியப் போட்டு மூடிட்டு, ஆவி அடங்கணும், சனிக்கிழமை வரைக்கும் யாரும் தொடாதீங்கன்னு சொல்லி அனுப்பிட்டேன்."

"நல்ல வேலை பண்ணீங்க."

"என்ன நல்ல வேலை! எல்லாம் என்னால வந்தது." நாற்காலி இழுபட்டது. பெரியம்மா உட்கார்ந்துவிட்டார். "நான் அந்த மாவைத் தொட்டிருக்கக்கூடாது. ஸெங்கோ ஏப்ரல்ல காகிதம் அனுப்பினான். விவாகரத்துக் காகிதம். அங்க ஒருத்தி இருக்காளாம். பொண்ணு ஒண்ணு, பள்ளிக்கூடம் போகுதாம். நான் கையெழுத்துப் போட்டு அனுப்பிட்டேன். நகல வேதப்புத்தகத்துல வெச்சிருக்கேன்."

கால்வாயில் எங்கோ தண்ணீர் சொட்டியது.

"ஏன் பெரியம்மா சொல்லல?"

"சொன்னா அடுத்த கல்யாணத்துக்கு யாருடி என்னக் கூப்பிடுவா? சனிக்கிழமை ஆனா நான் எங்க போவேன்? வீட்டுல உட்கார்ந்து யாருக்குத் தட்டு வெப்பேன்?" மூக்கை உறிஞ்சினார். "உன்னைத் தொடாதன்னு சொல்லிட்டு, நான் ஏழு பேருக்குத் தலையா நின்னு பிசைஞ்சேன். பொய்க் கைடி இது. அது வெடிக்காம என்ன பண்ணும்?"

எனக்குப் பெரியம்மா மேல் கோபம் வந்திருக்கவேண்டும். இரண்டு வாரமாக அதைத் தயாராக வைத்திருந்தேன். ஆனால் மாவுக்கு அடியில் படுத்துக்கொண்டு ஒருவர் அழுவதைக் கேட்கும்போது கோபத்தை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. என் மார்பின் மேல் மாவு உயர்ந்து தாழ்ந்தது. அதற்குமேல் நான் ஒன்றும் செய்ய முடியாது.

அக்கா கேட்டது அழுகையைப் பற்றியே இல்லை.

"மாவு எழும்பறப்போ ஜன்னல் திறந்திருந்துதா?"

"என்ன?"

"உங்க சமையலறை ஜன்னல். தெருப்பக்கத்து ஜன்னல்."

"ஹான்யாவுக்கு அனல் தாங்கல, மூச்சு முட்டுதுன்னா. நான்தான் திறந்துவிட்டேன். ஏன்?"

"எவ்ளோ நேரம்?"

"கொரவாய்ப் பாட்டு பாடி முடியற வரைக்கும். அரைமணி."

"மாவு மேல துணி போட்டிருந்தீங்களா?"

"புறா வெக்கணும்னு எடுத்துட்டோம்."

அக்கா பெருமூச்சு விட்டாள். "காத்துல மேல்தோல் காஞ்சு போச்சு. உள்ள இன்னும் எழும்பிட்டே இருந்துது. அடுப்புக்குள்ள போனதும் எழும்ப வழியில்ல, கிழிச்சுட்டு வந்துருச்சு. நான் இத வேணும்னே செய்யறவ பெரியம்மா, எனக்குத் தெரியும். விசிறி வெச்சு ஒரு பக்கம் காய வெப்பேன், அந்தப் பக்கம்தான் வெடிக்கும். இது ஸெங்கோ பெரியப்பா செஞ்ச வெடிப்பு இல்ல. ஜன்னல் செஞ்சது."

"சமாதானம் சொல்றியா?"

"உங்களுக்கு நான் எப்ப சமாதானம் சொல்லியிருக்கேன்? சரி, ரொட்டி ஆறிருச்சா?"

"துணிக்கடியில சூடாத்தான் இருக்கு. வந்து பத்து நிமிஷம்தான ஆச்சு."

"அப்ப கிளம்புங்க. சூடா இருக்கறப்பதான் வளையும். ஆறிட்டா நொறுங்கும். ஈரத் துணிப் பட்டையால சுத்தி இறுக்கிக் கட்டணும். வெள்ளைக்கருவுல மாவு குழைச்சு உள்ள வெச்சு, மேல கொடியும் இலையும் ஒட்டி, இளஞ்சூட்டுல திரும்ப வெக்கணும். உங்ககிட்ட முட்டை இருக்குல்ல?"

"இருக்கு." பெரியம்மா எழுந்த சத்தம். பிறகு தயங்கினார். "உன் கை…"

"என் கைக்கு என்ன பெரியம்மா?"

"ஒண்ணுமில்ல. கழுவிட்டு வா."

அலமாரி திறந்தது, கருவிகள் பைக்குள் விழுந்தன. வாசலருகில் பெரியம்மா கேட்டார்: "இத இப்படியேவா விட்டுட்டுப் போற? மூச்சு விடற மாதிரியே இருக்கு, பாவம்."

"மாவு அப்படித்தான்." அக்கா குரலை உயர்த்தினாள். "இன்னும் இருபது நிமிஷத்துல அது தானா எழுந்து வீட்டுக்குப் போயிரும்!"

"உன் கிண்டலுக்கு நேரம் காலமே கிடையாது" என்றார் பெரியம்மா. இரண்டு சைக்கிள்கள் போகிற சத்தம்.

இருபது நிமிடம் என்று சொன்னாளே, அதனால் இருபது நிமிடம் படுத்திருந்தேன். எண்ணிக்கொண்டே இருந்தேன், ஆயிரத்து இருநூறு வரை. பிறகு உட்கார்ந்தேன். மாவு தொப்புளிலிருந்து தோள் வரை குறுக்காகக் கிழிந்தது. எழுந்து பார்த்தபோது ஒரு ஆள் வெளியேறிப் போன சட்டை மாதிரி கட்டிலில் கிடந்தது. குழாயடியில் ஒரு மணி நேரம் கழுவினேன். கழுத்துக்குப் பின்னால் முடியில் ஒட்டியது போகவே இல்லை.

அன்று மாலை அக்கா திரும்பி வந்து கட்டிலைத்தான் முதலில் பார்த்தாள். கிழிசலைச் சுற்றி இரண்டு முறை நடந்தாள்.

"குறுக்காவா எழுந்த?"

"இடது கைய ஊணி எழுந்தேன். கெடுத்துட்டேனா?"

"இல்ல. நாலு மாசமா நான் தேடிட்டிருந்தது இது. எனக்கு வரவே இல்ல, எப்பவும் நேரா எழுந்துட்டு இருந்திருக்கேன்." கைபேசியில் படம் எடுத்தாள். அப்புறம்தான் என்னைப் பார்த்தாள். "கேட்டியா?"

"கேட்டேன். ஒட்டிச்சா?"

"ஒட்டிச்சு. இப்ப அதத் தூக்கி எறிஞ்சாலும் அந்த இடத்துல உடையாது. வேற இடத்துல உடையலாம்." கையைத் துடைத்துக்கொண்டாள். "யார்கிட்டயும் சொல்லாத."

"மார்க்கியன்கிட்டகூடவா?"

"தபால்காரன்கிட்டயா? ஊரு முழுக்க விநியோகம் பண்ணிருவான்."

சனிக்கிழமை காலை பெரியம்மாதான் எனக்குத் தலைவாரிப் பூவளையம் வைத்தார். அதுவும் அவருடைய வேலை. வெள்ளிக்கிழமை இரண்டு முறை முடி அலசியிருந்தேன். ஆனாலும் பிடரியில் சீப்பு நின்றது. பெரியம்மா குனிந்து பார்த்தார். கல் மாதிரி இறுகிப்போன ஒரு சின்ன உருண்டையை முடியோடு சேர்த்துப் பிடித்து, நகத்தால் நொறுக்கி, மூக்கருகில் கொண்டுபோனார். வாழ்நாளெல்லாம் மாவு பிசைந்த பெண்மணி. ஈஸ்ட் வாசனை தெரியாதா?

கண்ணாடியில் எங்கள் கண்கள் சந்தித்தன. அவர் முகம் மாவு நிறத்துக்கு வந்தது.

"அந்தக் கட்டில்ல…"

"நான்தான் பெரியம்மா."

சீப்பு என் தோள்மேல் அப்படியே இருந்தது. வெளியே முற்றத்தில் வயலின்காரர் சுருதி சேர்த்துக்கொண்டிருந்தார்.

"எவ்ளோ கேட்ட?"

"ஜன்னல் திறந்திருந்துதுன்னு கேட்டேன்."

"அதுக்கு முன்னாடி?"

"அதுக்கு முன்னாடி தூங்கிட்டு இருந்தேன் பெரியம்மா. மாவு இதமா இருந்துச்சு."

பெரியம்மா பிடரி முடியை மூன்றாகப் பிரித்துப் பின்னத் தொடங்கினார். வழக்கத்தைவிட இறுக்கமாகப் பின்னினார், வலித்தது. வளையத்தை வைத்து ஊசி குத்தி முடித்ததும், கதவைத் திறந்து கூடத்தைப் பார்த்துக் குரல் கொடுத்தார்.

"கொரவாயத் தூக்கிட்டு முன்னால போறது யாருன்னு முடிவாச்சா?"

கூடத்தில் மற்ற ஆறு பெண்களும் மேசையைச் சுற்றி நின்றிருந்தார்கள். ஹான்யா ஏற்கெனவே கைநீட்டித் தயாராக இருந்தாள். "நான் தூக்கறேன் ஸ்டெஃபா."

"நீ வேண்டாம். அனல்லயே உனக்கு மூச்சு முட்டுது, ஏழு கிலோவ எங்க தூக்கப் போற? ஒரிஸ்யா, இங்க வா. நீ தூக்கு."

ஆறு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒருத்தி வாய் திறந்தாள். "ஆனா ஸ்டெஃபா, அவளுக்கு…"

"அவளுக்கு என்ன? பதினஞ்சு கிலோ மாவத் தூக்கிப் பழகினவ இந்த வீட்டுல அவ ஒருத்திதான். வழியில கீழ விழுந்தா நீ பொறுப்பெடுத்துக்கறியா?"

பொறுப்பெடுக்க யாரும் முன்வரவில்லை. அம்மா முகத்தைத் திருப்பிக்கொண்டு அடுப்பில் இல்லாத எதையோ கிளறினார்.

அக்கா பூவேலைத் துண்டைக் கைகளில் விரித்து, அதன் மேல் கொரவாயை வாங்கிக்கொண்டாள். உச்சியில் புறாக்கள், பக்கவாட்டில் விளிம்பிலிருந்து ஏறும் ஒரு கொடி. எங்கள் ஊர்க் கொரவாயில் கொடி சுற்றிவர ஓடும். இது மட்டும் மேல்நோக்கி ஏறியது, நெருக்கமான இலைகளோடு. "புதுசா இருக்கே, அழகா இருக்கு" என்றாள் ஹான்யா. "ஸ்டெஃபா, இது எப்ப வெச்ச?"

"நீ சாப்பிட்டுட்டு இருந்தப்ப" என்றார் பெரியம்மா.

அக்கா முன்னால் நடந்தாள். கொடி இருந்த பக்கத்தைத் தன் வயிற்றோடு சேர்த்துப் பிடித்திருந்தாள். நான் என் பாவாடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு அவள் பின்னால் படியிறங்கினேன். வாசலில் மார்க்கியன் நின்றிருந்தான், அவனுக்குப் பக்கத்தில், கல்யாணத்துக்கு என்று சவரம் செய்த முகத்தோடு ஒஸ்தாப்.

"கனமா இருக்கா?" என்று கேட்டான் ஒஸ்தாப்.

"வழிய விடு" என்றாள் அக்கா.